மாநிலம் ஜெயித்த கம்பளி

நாணலேரிக் கேசினோவில் ஒரு மனிதன் எதன் மீதெல்லாம் பந்தயம் கட்டலாம் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். கொரியாவில் நடக்கும் பேஸ்பால் மீது கட்டலாம். லிதுவேனியாவின் கூடைப்பந்து மீது கட்டலாம். நாங்கள் காலைக் காப்பி குடிக்கும் நேரத்தில் செக் நாட்டில் ஏதோ ஒரு கிடங்குக்குள் இரண்டு பேர் ஆடும் மேசைப்பந்து மீதும் கட்டலாம். அந்த இருவரின் பெயரை உச்சரிக்கத் தெரிந்தவர் அமெரிக்கப் பழங்குடிகளான எங்கள் ஒதுக்கு நிலத்தில் ஒருவரும் இல்லை என்பது அதற்குத் தடையல்ல. சொந்த அக்கா மகள் மீது மட்டும் கட்டக் கூடாது.

இது எல்வுட் காஸிமருக்குத் தெரியாது. எல்வுட் எங்கள் சாலைத் துறையில் பனி தள்ளும் வண்டி ஓட்டுகிறவர். எதையும் இரண்டு முறை சொன்னால் புரிந்துகொள்வார். மூன்றாம் முறையும் சொன்னால் குழம்பிவிடுவார். அரசாங்கம் எதையும் மூன்று முறைக்குக் குறைத்துச் சொல்வதில்லை என்பதால் அவர் வாழ்நாள் முழுவதும் ஒருவிதக் குழப்பத்திலேயே கழிந்துகொண்டிருந்தது.

அவருடைய அக்கா நோரீன் போன இலையுதிர்காலத்தில் இறந்துபோனாள். நோரீனின் மகள் ஜோலின், மாநிலப் பல்கலைக்கழகத்தின் பெண்கள் கூடைப்பந்து அணியில் பந்தை நடத்திச் செல்கிறவள். அந்த மார்ச் மாதம் அவள் அணி தேசியப் போட்டியின் இறுதியாட்டம் வரை வந்துவிட்டது.

எங்களில் ஒருவர் குதிரையோட்டத்துக்குப் போனாலும், பந்தாடப் போனாலும், சொந்தத்தில் ஒருவர் அவர் பேரில் பொதுவில் பந்தயம் வைக்க வேண்டும். ஜெயிப்பது தோற்பது வேறு விஷயம். ஒருவரும் வைக்காவிட்டால், ஆடப் போனவருக்குப் பின்னால் ஆளில்லை என்று பொருள். ஜோலின் பள்ளியில் ஆடிய காலத்திலிருந்து நோரீன்தான் வைத்து வந்தாள். இனி தாய்மாமன் வைக்க வேண்டும். ஊரே பார்க்கிற இறுதியாட்டத்துக்கு அந்தப் பெண் கேட்பாரற்றவளாக இறங்கக் கூடாது. எல்வுட்டின் கவலை முழுவதும் இதுதான்.

இப்போது நமக்கே பந்தயக் கவுண்ட்டர் இருக்கிறதே என்று நினைத்து, இருபது டாலரை எடுத்துக்கொண்டு கேசினோவுக்குப் போனார். கவுண்ட்டரில் இருந்தது டெஸ்ஸி, அவருக்குத் தூரத்துத் தங்கை முறை.

“டெஸ்ஸி, இருபது டாலர். ஜோலின் டீம் மேல.”

“அண்ணே, அது முடியாதுண்ணே.”

“இருபது போதாதா?”

“இருபதாயிரம் வச்சாலும் முடியாது. நம்ம மாநிலத்துக் காலேஜ் டீம் மேல யாரும் கட்டக் கூடாது. மாநிலத்தோட போட்ட ஒப்பந்தத்துல இருக்கு.”

எல்வுட் யோசித்தார். “அவ தோப்பான்னு கட்டினா?”

“அட பாவி மனுஷா! சொந்த அக்கா பொண்ணு தோப்பான்னு கட்டுவியா?”

“கட்ட மாட்டேன். சும்மா கேட்டேன்.”

“அதுவும் கூடாது. அந்த மேட்ச்சே கிடையாது.”

“மேட்ச் கிடையாதா? டிவியில காட்டறானே?”

“டிவியில இருக்கு. போர்டுல இல்ல.”

எல்வுட் அண்ணாந்து பார்த்தார். சுவர் அகலத்துக்கு இருந்த திரையில் உலகத்து ஆட்டங்கள் எல்லாம் வரிசையாக ஓடிக்கொண்டிருந்தன. இறுதியாட்டம் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு கறுப்புப் பட்டை இருந்தது.

“இந்த மேசைப்பந்து ஆடறவங்க ரெண்டு பேரும் யாரு டெஸ்ஸி?”

“யாருக்குத் தெரியும்? ஆனா அவங்க நம்ம மாநிலத்துல படிக்கல. அது போதும்.”

எங்கள் கேசினோவைக் கண்காணிக்க எங்களுக்கே ஓர் ஆணையம் உண்டு. அந்த ஆணையத்தைக் கண்காணிக்க மாநிலத்தின் விளையாட்டு நேர்மை வாரியம் உண்டு. இவை இரண்டையும் கண்காணிக்க மத்தியில் ஒரு குழு உண்டு. இத்தனை பேரும் சேர்ந்து கண்காணிப்பது டெஸ்ஸி என்ற ஒரு பெண்ணையும் ஒரு கவுண்ட்டரையும்தான். எல்வுட் அடுத்தபடியாக எங்கள் ஆணையத்தின் தலைவர் ஜெரால்டு பினோவைப் பார்க்கப் போனார். இருவரும் ஒரே வகுப்பில் படித்தவர்கள். ஜெரால்டு அப்போதே மற்றப் பையன்கள் பேசினால் பெயரைக் கரும்பலகையில் எழுதி வைக்கிறவர்.

“உக்காரு எல்வுட். நீ ஒண்ணு புரிஞ்சுக்கணும். நாம ஒரு தனி நாடு. நம்மள ஒருத்தனும் கட்டாயப்படுத்த முடியாது. இந்த விதிய நாமளே சுதந்திரமா, நம்ம இறையாண்மைய முழுசா பயன்படுத்தி ஒத்துக்கிட்டோம்.”

“ஒத்துக்காம இருந்திருந்தா?”

“கையெழுத்துப் போட மாட்டேன்னாங்க.”

“யாரு?”

“மாநிலம்.”

“கையெழுத்துப் போடலைன்னா?”

“கவுண்ட்டரே கிடையாது.”

“அப்ப அது கட்டாயம்தானே?”

ஜெரால்டு நாற்காலியில் சாய்ந்துகொண்டார். இந்தக் கேள்விக்காக அவர் தலைநகரில் பயிற்சி முகாமுக்கெல்லாம் போய் வந்திருக்கிறார். “கட்டாயம் இல்ல, நிபந்தனை. அடுத்தவன் நம்ம கையப் புடிச்சுப் போட வச்சா கட்டாயம். நாமளே பேனா வாங்கிட்டுப் போய்ப் போட்டா நிபந்தனை. பேனாவும் நம்ம பேனாதான். நம்ம சின்னம் போட்டது.”

ஒப்பந்தத்தின் நுட்பங்களை அவர் மேலும் விளக்கினார். கைப்பேசியில் பந்தயம் கட்டுவது எங்கள் மண்ணில் மட்டுமே செல்லும். எங்கள் மண் ஒரே துண்டாக இல்லை. இடையிடையே அரசாங்கம் ஒரு காலத்தில் விற்றுத் தீர்த்த துண்டுகள் இருக்கின்றன. அதனால் கேசினோவின் பெட்ரோல் பங்கில் இந்தப் பக்கக் குழாயில் நிற்பவர் கட்டினால் அது பொழுதுபோக்கு. அந்தப் பக்கக் குழாயில் நிற்பவர் கட்டினால் குற்றம். எல்வுட்டுக்கு இது புரிந்தது. ஜெரால்டு மறுபடி விளக்கினார். அதுவும் புரிந்தது. மூன்றாம் முறை விளக்கியதும் எழுந்து நின்றுவிட்டார்.

“ஹாலோவே கலந்தாய்வுக்கு வர்றாரு. அவருகிட்ட நேரா கேளு,” என்றார் ஜெரால்டு.

கலந்தாய்வு என்பது ஒப்பந்தத்தில் உள்ள சொல். அவர்கள் வந்து சொல்வார்கள். அவர்கள் போன பிறகு நாங்கள் எங்களுக்குள் கலந்து பேசிக்கொள்வோம்.

பிரென்டிஸ் ஹாலோவே விளையாட்டு நேர்மை வாரியத்தின் தலைவர். பெரிய உடம்பு, ஈரமான கண்கள். பல்கலைக்கழகத்தின் பழைய மாணவர் என்பதால் அதன் ஊதா நிறக் கோட்டைக் கோடையிலும் கழற்றாதவர். அந்த அணிகளுக்கு ‘வீரத் தலைவர்கள்’ என்று பெயர். பெண்கள் அணிக்கும் அதுவே பெயர். கோட்டின் முதுகில் இறகுக் கிரீடம் வைத்த ஒரு சிவப்பு முகம் பல்லைக் கடித்துக்கொண்டிருக்கும். அது யாருடைய முகம் என்று எங்களில் யாருக்கும் தெரியாது.

கேசினோவின் விருந்துக் கூடத்தில் அவர் பேசியதை அப்படியே தருகிறேன்.

“நண்பர்களே, உங்க மேல எங்களுக்கு இருக்கிற மரியாதைக்கு அளவே இல்ல. இந்தக் கோட்டைப் பாருங்க, அந்த மரியாதைய நான் முதுகுல சுமந்துக்கிட்டுத் திரியறேன். சில பேரு கேக்கறாங்க, ஏன் நம்ம மாநிலக் குழந்தைங்க மேல பந்தயம் கூடாதுன்னு. அந்தக் குழந்தைங்கள மன அழுத்தத்துலேர்ந்து காப்பாத்தத்தான். பக்கத்து மாநிலத்துக் குழந்தைங்க மேல கட்டலாமேன்னா, கட்டலாம். அவங்க மனச அவங்க மாநிலம் பாத்துக்கட்டும். நேர்மைக்கும் எல்லைன்னு ஒண்ணு இருக்கு. அந்த எல்லை நம்ம மாநிலத்தோட எல்லைதான்.”

எல்வுட் கையைத் தூக்கினார்.

“சார், ரோட்டுக்கு அந்தப் பக்கம் உங்க லாட்டரிக் கடை இருக்கு. அங்க சுரண்டல் சீட்டு விக்கறாங்க. அதுல எங்க ஜோலின் டீமோட படம் போட்டிருக்கு. டீம் ஜெயிச்சா பரிசு ரெட்டிப்புன்னு எழுதியிருக்கு.”

“ஆமாமா. அருமையான திட்டம். அந்தப் பணம் பள்ளிக்கூடங்களுக்குப் போகுது.”

“அது பந்தயம் இல்லியா சார்?”

“மிஸ்டர் காஸிமர், பந்தயம்னா ஜெயிக்க ஒரு வாய்ப்பு இருக்கணும். எங்க லாட்டரிய நீங்க வாங்கிப் பாத்திருக்கீங்களா?”

கூடம் சிரித்தது. ஹாலோவேயும் சிரித்தார். தாம் சொன்னது என்னவென்று அவருக்கு அப்போதும் தெரியவில்லை.

“சார், எங்க வழக்கப்படி யாராவது ஒருத்தர் அந்தப் பொண்ணு பேர்ல வைக்கணும். அவங்கம்மா இல்ல. நான்தான் வைக்கணும்.”

“உணர்வு புரியுது. உங்க பண்பாட்ட நாங்க மதிக்கிறோம். அதப் பத்தி ஒரு கையேடே போட்டிருக்கோம். ஆனா கட்டினா கவுண்ட்டர மூடிருவோம்.”

கலந்தாய்வு இத்துடன் முடிந்தது. மான்கறிக் குழம்பு நன்றாக இருந்தது என்று ஹாலோவே குறிப்பேட்டில் பதிவு செய்யச் சொன்னார்.

வாசலில் டெஸ்ஸி எல்வுட்டைப் பிடித்துக்கொண்டாள். “ஏண்ணே, இவனுங்ககிட்ட போய்க் கெஞ்சிக்கிட்டு? கவுண்ட்டரு மூணாம் வகுப்பு. நம்ம பழைய முறைப்படி கம்பளி வச்சா மொதல் வகுப்பு. அத ஒருத்தனும் கேக்க முடியாது.”

இதைச் சற்று விளக்க வேண்டும். மத்தியச் சட்டம் எங்கள் விளையாட்டுகளை மூன்று வகுப்பாகப் பிரித்திருக்கிறது. மூன்றாம் வகுப்பில் பணம் வரும். ஆகவே மாநிலமும் நாற்காலி போட்டு உட்காரும். முதல் வகுப்பு எங்கள் பழைய விளையாட்டுகள். அதில் பணம் வராது. ஆகவே அது முழுக்க முழுக்க எங்கள் இறையாண்மைக்கு உட்பட்டது. பழைய முறைப்படி ஒரு பொருளுக்கு எதிராக இன்னொரு பொருள் வைத்தால் அது முதல் வகுப்பா என்று கேட்டு எழுத ஒரு வழக்கறிஞருக்கு ஒரு வருடம் பிடிக்கும். இல்லை என்று எழுத இன்னொருவருக்கும் அவ்வளவே பிடிக்கும். ஆட்டமோ ஞாயிற்றுக்கிழமை.

வைப்பதற்கு எல்வுட்டிடம் பெறுமதியான கம்பளி ஒன்றே ஒன்றுதான் இருந்தது. நோரீனுடையது, கறுப்பும் பச்சையும் கலந்தது. ஜோலினைப் பிறந்த அன்றைக்குச் சுற்றிக் கொண்டுவந்தது அதில்தான். இருபது டாலரோடு இது முடிந்துவிடும் என்று அவர் நினைத்திருந்தார்.

“தோத்துட்டா போயிருமே டெஸ்ஸி.”

“போகக் கூடாதுன்னா அது பந்தயமாண்ணே?”

ஞாயிறு மத்தியானம் விருந்துக் கூடத்தில் பெரிய திரை கட்டியிருந்தார்கள். ஊரே வந்துவிட்டது. நாற்காலி கிடைக்காதவர்கள் சுவரோரம் நின்றார்கள். பொரித்த ரொட்டி வாசனை, வெளியே பனி. எல்வுட் கூடத்தின் நடுவில் ஒரு மேசையைப் போட்டு, கம்பளியை நான்காக மடித்து வைத்தார்.

அப்போதுதான் யாரும் எதிர்பாராத சிக்கல் வந்தது. எங்கள் வழக்கப்படி வைத்தால் மட்டும் போதாது. எதிர்ப்பக்கம் நிற்க ஒருவர் வேண்டும்; அவர் தம் பொருள் ஒன்றைக் கம்பளியின் மேல் வைக்க வேண்டும். அதற்கு இணை என்று பெயர். இரண்டையும் சேர்த்துக் கட்டிவிடுவார்கள். ஜெயித்தவர் கட்டோடு எடுத்துக்கொள்வார். இணை இல்லாத கம்பளி வெறும் கம்பளிதான். ஆனால் ஜோலினுக்கு எதிராக வைக்க அந்தக் கூடத்தில் யார் முன்வருவார்?

“ஜெரால்டு, நீயாவது வையேன்,” என்றார் எல்வுட்.

“நான் பதவியில இருக்கேன்டா. நடுநிலை.”

“ஏதாவது ஒண்ணு போதும். தொப்பிய வை.”

“தேர்தல் வருதுடா. ‘ஜோலின் தோப்பான்னு தொப்பி வச்சவன்’னு என் கல்லறையில எழுதிருவானுங்க.”

மலைக்கு அந்தப் பக்கத்து இனத்திலிருந்து இங்கே பெண் எடுத்த ஒருவரைக் கேட்டார்கள். அவர் தம் மனைவியைத் திரும்பிப் பார்த்தார். “வச்சுப் பாரு. அப்படியே உன் துணிமணியையும் எடுத்து அது பக்கத்துலயே வச்சிரு,” என்றாள் அவள். அவர் கையைக் கட்டிக்கொண்டார்.

எல்வுட்டின் கைப்பேசி அடித்தது. உடைமாற்றும் அறையிலிருந்து ஜோலின்.

“மாமா, வச்சீங்களா?”

“வச்சிட்டேம்மா.”

“எத?”

“அம்மாவோடத.”

“இணை யாரு?” என்றாள் ஜோலின்.

எல்வுட் பொய் சொல்லத் தெரியாதவர். அந்த நேரத்தில்தான் கூடத்தின் கதவு திறந்து ஹாலோவே உள்ளே வந்தார். கறுப்புப் பட்டை முறையாகக் கறுப்பாக இருக்கிறதா என்று திடீர் ஆய்வு. நல்ல டிவி இங்கேதான் இருக்கிறது என்பதும் ஒரு காரணமாக இருக்கலாம். கொதிகலன் சூட்டில் கூடம் வெந்துகொண்டிருந்தது. அவர் முகத்தைத் துடைத்தார். கோடையிலும் கழற்றாத ஊதாக் கோட்டையே கழற்றினார். மாட்ட ஆணி தேடினார், இல்லை. நாற்காலி தேடினார், ஒன்றும் காலியில்லை. நடுவில் ஒரு மேசை, அதில் மெத்தென்று ஒரு கம்பளி. அதன் மேல் கோட்டை மடித்து வைத்தார்.

கூடம் முழுவதும் திரையை விட்டு மேசையைப் பார்த்தது.

“சார்,” என்றார் எல்வுட், கைப்பேசியைக் காதிலிருந்து எடுக்காமல். “சார், கோட்ட எடுங்க. அங்க வச்சா அது…”

“இருக்கட்டும், இருக்கட்டும். யாரும் தூக்கிட்டுப் போயிர மாட்டீங்கன்னு எனக்கு நம்பிக்கை இருக்கு. என் அனுபவத்துல உங்க ஆளுங்க ரொம்ப நேர்மையானவங்க. விதிவிலக்கு கொஞ்சம் இருக்கலாம்.”

டெஸ்ஸி கயிறோடு மேசைக்கு வந்துவிட்டாள். வழக்கப்படி கேட்க வேண்டியதை உரத்த குரலில் கேட்டாள். “மனசோட வச்சீங்களா?”

“முழு மனசோட!” என்றார் ஹாலோவே.

அவள் கம்பளியையும் கோட்டையும் சேர்த்துக் குறுக்கும் நெடுக்குமாகக் கட்டி முடிச்சுப் போட்டாள். மூலையில் ஒருவர் மத்தளத்தைத் தட்டினார். கூடம் முழுவதும் கூவியது. ஹாலோவேயின் கண்கள் இன்னும் ஈரமாயின. இரண்டு கைகளையும் உயர்த்திக் கூட்டத்தை அமைதிப்படுத்தினார்.

“நண்பர்களே, இந்தக் கௌரவத்த நான் எனக்குன்னு எடுத்துக்கல. என் கோட்டு உங்க கம்பளியோட கட்டப்பட்டிருக்கு. இனிமே பிரிக்க முடியாது. மாநிலத்தின் சார்பா இத ஏத்துக்கிறேன்!”

கைப்பேசியில் ஜோலின் கத்திக்கொண்டிருந்தாள். “மாமா, என்ன சத்தம்? இணை யாரு மாமா?”

எல்வுட் கட்டைப் பார்த்தார். ஹாலோவேயைப் பார்த்தார்.

“மாநிலம்,” என்றார்.

அவள் சிரித்த சிரிப்பு மேசைக்கு இந்தப் பக்கம் நின்ற எனக்குக் கேட்டது.

ஆட்டத்தை விவரிக்கப் போவதில்லை. ஜோலின் ஆடியதைப் பார்த்தவர்களுக்குச் சொல்ல வேண்டாம். பார்க்காதவர்களுக்குச் சொல்லிப் புரியாது. ஹாலோவே தொண்டை கிழியப் பல்கலைக்கழகத்துக்காகக் கத்தினார். தாம் அதற்கு எதிராகக் கோட்டை வைத்திருப்பது கூடத்தில் அவர் ஒருவருக்கு மட்டும்தான் தெரியாது. கடைசி நொடியில் ஜோலின் எறிந்த பந்து வளையத்தின் விளிம்பில் சுற்றி வெளியே விழுந்தது. ஒரு புள்ளியில் தோற்றார்கள்.

கூடத்தில் சிலர் அழுதார்கள். ஹாலோவேயும் அழுதார். எல்வுட் அழவில்லை. மேசையிலிருந்து கட்டை எடுத்து, முடிச்சின் மேல் ஒருமுறை கையை வைத்துவிட்டு, ஹாலோவேயிடம் கொண்டுபோய் நீட்டினார்.

“இந்தாங்க சார். ஜெயிச்சிட்டீங்க.”

“என்ன ஜெயிச்சேன்? நாம தோத்துட்டோமே!”

“நாங்க தோத்தோம் சார். நீங்க ஜெயிச்சீங்க.”

டெஸ்ஸி விளக்கினாள். ஒரே ஒரு முறைதான் விளக்கினாள். ஹாலோவேயின் முகம் கோட்டின் நிறத்துக்கு வந்தது. தமது வாரியத்தின் வழக்கறிஞரைத் தொலைபேசியில் கூப்பிட்டார். ஒலிபெருக்கியில் போட்டுவிட்டதைக் கவனிக்கவில்லை.

“தொடாதீங்க சார்!” என்றது தொலைபேசி. “கட்ட வாங்கினா பந்தயம் நடந்ததுன்னு ஆயிரும். நேர்மை வாரியத்தின் தலைவர் நம்ம பல்கலைக்கழகத்துக்கு எதிரா பந்தயம் கட்டி ஜெயிச்சார்னு பத்திரிகைக்காரன் எழுதுவான்.”

“என் கோட்டு அதுல இருக்கு!”

“கோட்டையும் தொடாதீங்க.”

“கார் சாவி கோட்டுப் பையில இருக்கு!”

தொலைபேசி யோசித்தது. “பையில கைய விட்டா, ஜெயிச்சதுல ஒரு பகுதிய வாங்கினதா ஆயிரும் சார்.”

இங்கே ஒன்றைப் பதிவு செய்தாக வேண்டும். மாநிலம் என்று ஒன்று உண்டான நாளிலிருந்து எங்கள் ஏரியை வாங்கியிருக்கிறது, மீனை வாங்கியிருக்கிறது, மலையை வாங்கியிருக்கிறது. நாங்கள் நீட்டிய ஒரு பொருளை, வேண்டாம் வேண்டாம் என்று கையை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு மறுத்தது அன்றைக்குத்தான்.

பனியில் வெறும் சட்டையோடு நின்றவரை எல்வுட்தான் தம் பனிவண்டியில் ஏற்றிக்கொண்டு போனார். கட்டு இருவருக்கும் நடுவில் இருக்கையில் இருந்தது. வளைவுகளில் அது தம் மேல் சரிந்துவிடாதபடி ஹாலோவே கதவோடு ஒட்டிக்கொண்டு வந்தாராம்.

“வாங்கிக்கங்க சார்,” என்றார் எல்வுட் வழி நெடுக. “நீங்க வாங்கலைன்னா பந்தயம் நடக்கலைன்னு ஆயிரும். நடக்கலைன்னா அந்தப் பொண்ணு பேர்ல யாருமே நிக்கலைன்னு ஆயிரும். அவங்கம்மா கம்பளி சார். எனக்கும் கொடுக்க மனசில்ல. ஆனா கொடுக்கணும்.”

“மிஸ்டர் காஸிமர், தயவுசெஞ்சு அத அந்தப் பக்கம் தள்ளுங்க.”

பிறகு வாரியம் எங்களுக்கு எழுதியது. பந்தயம் எதுவும் நடக்கவில்லை என்று எல்வுட் கையெழுத்திட்டால், கவுண்ட்டர் தொடரலாம். கம்பளியை அவரே வைத்துக்கொள்ளலாம். கோட்டை மட்டும் அன்பளிப்பு என்று குறிப்பிடாமல் திருப்பி அனுப்பலாம். ஜெரால்டு அந்தத் தாளோடு எல்வுட்டின் வீட்டுக்கே போனார்.

“போட்டுருடா. கம்பளியும் ஒனக்கு, கவுண்ட்டரும் நமக்கு. இந்த மாதிரி ஒப்பந்தம் நம்ம பாட்டன் முப்பாட்டனுக்குக்கூட கெடச்சதில்ல.”

“அப்ப ஜோலினுக்கு?”

“அவளுக்கு என்ன?”

“அவ எறங்கினப்ப பின்னால யாரும் இல்லேன்னு நானே எழுதிக் கொடுக்கணுமா?”

“எழுத வேண்டாம். அவங்களே அடிச்சு அனுப்பியிருக்காங்க. நீ கையெழுத்துதான். பேனா நம்ம பேனா.”

எல்வுட் கதவைச் சாத்திவிட்டார்.

ஆகவே தலைநகரில் விசாரணை. வாரியத்தினர் நீண்ட மேசைக்குப் பின்னால் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் ஹாலோவே, புதிய ஊதாக் கோட்டில். இந்த விவகாரத்தில் அவரும் ஒரு தரப்பு என்பதால், விசாரணையின் நேர்மையை உறுதிசெய்ய அவரே தலைமை தாங்கினார்.

“வாரியத்தின் முடிவு இது,” என்று படித்தார். “மிஸ்டர் காஸிமரின் பக்கத்துல ஒரு பந்தயம் நடந்திருக்க வாய்ப்பிருக்கு. எதிர்ப்பக்கத்துல எதுவும் நடக்கல. கோட்டு அந்த இடத்துல ஓய்வெடுத்தது. ஒரு பக்கப் பந்தயம் சட்டப்படி பந்தயமே இல்ல. ஆனா அது தடை செய்யப்பட்டது. இனிமே பழங்குடிக் கூடங்கள்ல ஆய்வாளர்களுக்குப் போதுமான கோட்டு ஆணிகள் இருக்கணும்னு ஒப்பந்தத்துல திருத்தம் கொண்டுவர்றோம். ஆணி அடிச்சா கவுண்ட்டர் தொடரலாம்.”

ஜெரால்டு எழுந்து, எங்கள் இனம் கோட்டு ஆணிகளைத் தன் இறையாண்மையைப் பயன்படுத்திச் சுதந்திரமாக ஏற்றுக்கொள்கிறது என்றார். கைதட்டினார்கள்.

எல்வுட் கட்டோடு முன்னால் போனார். அதை ஹாலோவேயின் எதிரில் மேசை மேல் வைத்தார். “ஜெயிச்சது உங்களுது சார்,” என்றார்.

வழக்கறிஞர் குதித்து எழுந்தார். “யாரும் தொடாதீங்க! அது மேல எதையும் வைக்காதீங்க! புதுசா இணையாயிரும்!”

வாரிய உறுப்பினர்கள் தங்கள் பேனா, மூக்குக் கண்ணாடி, தண்ணீர்க் கோப்பை எல்லாவற்றையும் அள்ளி மார்போடு அணைத்துக்கொண்டு நாற்காலிகளைப் பின்னால் தள்ளினார்கள். சுத்தியல் மட்டும் கட்டுக்கு மிக அருகில் மாட்டிக்கொண்டது. அதை எடுக்க ஒருவருக்கும் துணிவில்லை. சுத்தியலைத் தட்டாமல் கூட்டத்தை முடிக்க விதியில் இடமில்லை. கடைசியில் ஹாலோவே தம் காலணியைக் கழற்றி நாற்காலிக் கையில் தட்டி, கூட்டத்தை முடித்து, ஒற்றைக் காலணியோடு பக்கத்து அறைக்கு நடந்தார். மற்றவர்களும் பின்னால் போனார்கள். விளக்கை அணைத்தார்கள்.

எல்வுட் இருட்டில் சிறிது நேரம் நின்றார். கட்டை எடுக்கவில்லை. வெளியே வந்து பேருந்து ஏறி ஊருக்கு வந்துவிட்டார்.

பனி உருகி, சாலையில் குழி விழத் தொடங்கிய பருவத்தில் தலைநகரிலிருந்து அவருக்குத் தொலைபேசி வந்தது. அரசுக் கட்டடங்களில் மறந்துவிட்டுப் போன பொருள்களைப் பாதுகாக்கும் பிரிவாம். களைத்த குரல்.

“ஒரு கம்பளிக் கட்டு. உள்ள ஒரு கோட்டு. உங்க பேரு சொன்னாங்க. உங்களுதா?”

“இல்லீங்க. அது மாநிலத்துது. அவங்க ஜெயிச்சது.”

“அந்தக் கதையெல்லாம் எனக்குத் தெரியாதுங்க. அறிவிப்புப் போட்டோம், யாரும் வரல. கெடு முடிஞ்சுபோச்சு. சட்டப்படி கேக்க ஆளில்லாத பொருள் மாநிலத்துக்குச் சொந்தம். ஏதாவது ஆட்சேபணை உண்டா? கடைசியா கேக்கறோம்.”

“மாநிலத்துக்கே சொந்தமா? கட்டோட?”

“கட்டோட. முத்திரை குத்தியாச்சு.”

“ஆட்சேபணை இல்லீங்க,” என்றார் எல்வுட். “பூச்சி அரிக்காம பாத்துக்கங்க. நல்ல கம்பளி.”

உடனே ஜோலினைக் கூப்பிட்டார்.

“அம்மாவோடது போயிருச்சும்மா. மாநிலம் எடுத்துக்கிச்சு.”

“கையில வாங்கிக்கிட்டாங்களா மாமா?”

“கொடுத்தப்ப வாங்கல. கேக்க ஆளில்லாம கெடக்குதுன்னு சொல்லி எடுத்துக்கிட்டாங்க.”

அவள் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. அழுகையா என்று எல்வுட் பயந்தார்.

“நெலத்தையும் அப்படித்தானே மாமா எடுத்தாங்க,” என்றாள் ஜோலின். “அப்ப கணக்கு சரியாப் போச்சு. பந்தயம் நடந்தது.”